மூன்று மாநிலங்களில் ஒரு பகல்



பிழைப்பின் பொருட்டுப் பிறந்த மண்ணை விட்டுத் தொலைவில் வாழும் நம்மை எல்லோரும் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. "தங்களுக்குச் சொந்த ஊர் எது?" என்பதே அது. நான் டில்லியில் மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் மொழிபெயர்ப்பாளனாக இருக்கிறேன். இந்தக் கேள்விக்கு நான் "சாம்பியன் ரீப்ஸ்" என்று விடை சொன்னால், "அது தமிழ்நாட்டில் எந்த மாவட்டம்?" என்று அடுத்த கேள்வி வரும். "தமிழ்நாட்டில் இல்லை, கர்நாடகத்தில் கோலார் தங்கவயலில் இருக்கிறது" என்பேன். "அப்படியானால் தாங்கள் கன்னடரோ?" என்பார்கள். இல்லை என்று சொல்லி, மேலும் விளக்கப் புகுந்தால் கேட்டவர் கைக்கடிகாரத்தைப் பார்க்கத் தொடங்கிவிடுவார். ஆகவே பெரும்பாலும் புன்னகை செய்துவிட்டு விட்டுவிடுவேன். விண்ணப்பப் படிவங்களைத் தமிழாக்குவது என் தொழில்களுள் ஒன்று. "சொந்த ஊர்", "நிரந்தர முகவரி" என்னும் இரு கட்டங்களை எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். ஆனால் எங்கள் வீட்டார் அவற்றை நிரப்பும்போதெல்லாம் பேனா சற்றே நின்றுவிடும். நாங்கள் வாழ்ந்த லைன் வீடுகூடச் சுரங்கக் கம்பெனிக்குச் சொந்தமானதே தவிர எங்களுடையதன்று.

சென்ற விடுமுறையில் ஊருக்குப் போயிருந்தபோது, வெளி மாநிலங்களில் பணிபுரியும் பழைய பள்ளித் தோழர்கள் சிலர் ஒரு நாள் பயணம் ஒன்றுக்கு ஏற்பாடு செய்திருந்தனர். தங்கவயலைச் சுற்றியுள்ள எல்லைப் பகுதியை ஒரே பகலில் பார்த்து வருவது என்பது திட்டம். வழிகாட்டியாக வந்தவர் சாம்பியன் ரீப்ஸ் சுரங்கத்தில் சர்வேயராக இருந்து, 2001ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் நாள் சுரங்கங்கள் மூடப்பட்டபோது வீட்டிற்கு அனுப்பப்பட்டவர். என் தகப்பனாரும் அதே நாளில் வேலை இழந்தவர்தாம். நான் அப்பொழுது பி.ஏ. வகுப்பில் இருந்தேன். சர்வேயர் ஐயா வாடகை வண்டி பேசும்போதே, அகில இந்தியச் சுற்றுலா அனுமதி உள்ள வண்டிதானா என்று இருமுறை கேட்டு உறுதி செய்துகொண்டார். ஒரே பகலில் மூன்று மாநிலங்களின் மண்ணை மிதிக்கும் வண்டிக்கு அது வேண்டும் அல்லவா?

எங்கள் பெரியம்மாவும் உடன் வந்தார். அவருக்கு எண்பது வயது கடந்துவிட்டது. ஊர் சுற்றிப் பார்க்கும் ஆசை அவருக்கு இல்லை. அவர் வந்த காரணம் வேறு. அதைப் பின்னால் சொல்கிறேன்.

காலை ஆறு மணிக்குச் சயனைடுக் குன்றுகளைக் கடந்து புறப்பட்டோம். தங்கம் பிரித்தெடுத்த பின் எஞ்சிய மண்ணைக் குவித்துக் குவித்து உண்டான குன்றுகள் அவை. வெளியூரார் அவற்றை இயற்கை மலைகள் என்றே எண்ணுவர். முதலில் இறங்கிய இடம் பேத்தமங்கலம். தங்கவயலில் பிறந்தவர் எவரும் பேத்தமங்கலத்துத் தண்ணீரைக் குடித்தவரே. நந்தி மலைப் பகுதியில் தோன்றும் பாலாற்றை அங்கே ஏரியாகத் தேக்கி, நீரைச் சுத்தம் செய்து குழாய் வழியே சுரங்க ஊருக்குக் கொண்டுவந்தார்கள். "இன்று நாம் பின்பற்றப் போவது இந்த ஆற்றைத்தான்" என்றார் சர்வேயர் ஐயா. ஆறு என்று அவர் சுட்டிய திசையில் மணலும் முட்புதரும் தவிர வேறொன்றும் எங்கள் கண்ணுக்குப் புலப்படவில்லை.

பாலாற்றின் நீளம் 348 கிலோமீட்டர் என்பார்கள். கர்நாடகத்தில் 93, ஆந்திரத்தில் 33, தமிழ்நாட்டில் 222 கிலோமீட்டர். நடுவில் உள்ள அந்த 33 கிலோமீட்டர்தான் எங்கள் பயணத்தின் பெரும்பகுதி.

பேத்தமங்கலத்திலிருந்து வெங்கடகிரிக்கோட்டை நோக்கிச் செல்லும் வழியில் ஆந்திர எல்லை வருகிறது. எல்லை என்றதும் கொரியாவில் இருப்பதைப் போன்ற முள்வேலியையும் துப்பாக்கி ஏந்திய காவலரையும் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். அந்நாட்டை இரண்டாகப் பிரிக்கும் இராணுவமற்ற பகுதிக்குச் சுற்றுலா செல்வோர் கடவுச்சீட்டைக் காட்ட வேண்டும் என்றும், வழிகாட்டியின் சொல்லை மீறி ஓரடிகூட எடுத்து வைக்கலாகாது என்றும் படித்திருக்கிறேன். இங்கேயோ, கடைப் பலகையில் எழுத்து மாறுவது ஒன்றே அடையாளம். கன்னடத்திற்கும் தெலுங்கிற்கும் எழுத்து ஏறக்குறைய ஒரே சாயல் ஆகையால், அந்த மாற்றத்தைக்கூடப் பழகாத கண் கண்டுகொள்ளாது. தேநீர்க் கடையில் எங்களைக் கண்டதும் தமிழில்தான் பேசினார்கள். கடைக்காரர் தம் மனைவியிடம் தெலுங்கிலும், பால்காரரிடம் கன்னடத்திலும் பேசினார். மொழிபெயர்ப்பாளன் என்று சொல்லிக்கொள்ள அவ்விடத்தில் எனக்குச் சற்று நாணமாக இருந்தது.

இந்தக் கோடுகள் எல்லாம் எப்பொழுது விழுந்தன? தேநீர் குடித்துக்கொண்டே சர்வேயர் ஐயா விளக்கினார். ஐதர் அலி பிறந்த பூதிக்கோட்டை, தங்கவயலுக்கு அருகிலுள்ள பங்காருப்பேட்டை வட்டத்தில்தான் இருக்கிறது. மைசூருக்கும் ஆங்கிலேயருக்கும் நடந்த போர்களில் இந்தப் பகுதியின் கோட்டைகள் கை மாறிக்கொண்டே இருந்தன. 1792இல் ஸ்ரீரங்கப்பட்டணத்து உடன்படிக்கையின்படி திப்பு சுல்தான் பாராமகாலைக் கும்பெனியாரிடம் விட்டுக்கொடுத்தார். கிருஷ்ணகிரியும் திருப்பத்தூரும் அப்பொழுது ஆங்கிலேயர் வசமாயின. கோலார் மைசூர் சமஸ்தானத்திலேயே நின்றது. குப்பம் வட்டாரம் சென்னை ராஜதானியில் வட ஆர்க்காட்டிலும், 1911க்குப் பின் சித்தூர் ஜில்லாவிலும் இருந்தது. 1953ஆம் ஆண்டு அக்டோபர் முதல் நாள் ஆந்திர மாநிலம் பிறந்தபோது சித்தூர் ஜில்லா அதனுடன் சென்றது. வடக்கெல்லைக்காக ம.பொ.சி. போன்றோர் நடத்திய போராட்டத்தின் பின்னர், 1960இல் திருத்தணி தமிழகத்திற்குக் கிடைத்தது. குப்பம் கிடைக்கவில்லை. அதைப் பற்றி வருந்துவோரும் உண்டு. நான் அவர்களுள் ஒருவனல்லன். எந்தப் பக்கம் கோடு கிழித்தாலும் அந்தப் பக்கத்தில் மற்றவர் சிலர் மிஞ்சத்தானே செய்வர்? அந்த ஊரில் தெலுங்கு பேசுவோரும் தமிழ் பேசுவோரும் ஒரே கிணற்றடியில் நின்றவர்கள்.

பெரியம்மா 1944இல் குப்பத்தை அடுத்த ஒரு சிற்றூரில், சென்னை ராஜதானியில் பிறந்தவர். அவர் ஒன்பது வயதுச் சிறுமியாக இருந்தபோது அந்த ஊர் ஆந்திரம் ஆயிற்று. 1962இல் சாம்பியன் ரீப்ஸுக்கு மணமாகி வந்தார். அப்பொழுது அது மைசூர் ராஜ்யம், 1973இல் கர்நாடகம். தம் மகளை வாணியம்பாடியில் கொடுத்தார். பிறந்த ஊர், புகுந்த ஊர், மகள் வாழும் ஊர் மூன்றையும் ஒரு பகலில் சுற்றி வந்துவிடலாம். ஆனால் அரசாங்கக் கணக்கில் அவை மூன்று மாநிலங்கள்.

2020ஆம் ஆண்டு ஏப்ரலில், கொரோனா ஊரடங்கின்போது, பெரியம்மாவின் அண்ணன், அதாவது எனக்குப் பெரிய மாமா, பிறந்த ஊரிலேயே காலமானார். சாம்பியன் ரீப்ஸிலிருந்து அந்த ஊர் நாற்பது கிலோமீட்டருக்குள் இருக்கிறது. உறவினர் ஒருவர் அனுமதிச் சீட்டு வாங்கி, பெரியம்மாவைக் காரில் அழைத்துச் சென்றார். அந்தச் சீட்டு ஒரு மாநிலத்துச் சீட்டு. எல்லைச் சாவடியில் இருந்தவர்கள் மறு மாநிலத்துச் சீட்டையும் கேட்டார்கள். அவர்கள் மீது குற்றம் சொல்வதற்கில்லை. நோய்க்கு அஞ்சிய காலம். ஏறுவெயிலில் இரண்டு மணி நேரம் நின்றுவிட்டுத் திரும்பி வந்தார்கள். மாலையில் அடக்கம் நடந்ததைக் கைப்பேசியில் காட்டினார்கள். "படம் ஆடிக்கொண்டே இருந்தது, முகம் தெரியவில்லை" என்று பெரியம்மா எனக்குத் தொலைபேசியில் சொன்னார். நான் டில்லியில் அடைந்து கிடந்தேன். அதே மாதக் கடைசியில் வேலூர் மாவட்டத்திலிருந்து ஆந்திரத்திற்குச் செல்லும் சாலைகளில், குடியாத்தத்தை அடுத்த சைனகுண்டாவிலும் பொன்னை அருகிலும், சாலையின் குறுக்கே செங்கல் சுவரே எழுப்பினார்கள். விரைவிலேயே இடித்தும் விட்டார்கள். அந்தச் சுவரின் படத்தைச் செய்தித்தாளில் பார்த்தபோதுதான், கடைப் பலகையில் எழுத்து மாறுவதாக மட்டும் நான் எண்ணியிருந்த எல்லை இன்னதென்று எனக்கு விளங்கிற்று.

அந்நாளுக்குப் பின் பெரியம்மா அந்த ஊருக்குப் போகவில்லை. முழங்கால் வலி ஒரு காரணம். "முகம் பார்க்க விடாத ஊருக்கு இனி எதற்கு?" என்ற மனத்தாங்கல் மற்றொன்று. அண்ணன் மகனோடும் பேச்சை நிறுத்திவிட்டார். பிணத்தை மறுநாள் வரை வைத்திருக்கலாம் என்பது அவர் வாதம். வைத்திருந்தாலும் சாவடி திறந்திராது என்று நாங்கள் பலமுறை சொல்லியும் அவர் ஏற்கவில்லை. சர்வேயர் ஐயா பயணத்தின் வழியைக் காகிதத்தில் வரைந்து காட்டியபோது, அந்த ஊரின் பெயரைக் கேட்டுவிட்டு, "எனக்கும் ஓர் இடம் வை" என்று மட்டும் சொன்னார்.

முற்பகல் பதினொரு மணிக்கு அங்கே போய்ச் சேர்ந்தோம். அவர் பிறந்த வீடு இருந்த இடத்தில் சிமெண்டு வீடு ஒன்று நின்றது. மாமாவின் மகன் வாசலுக்கு வந்து, "வாங்க அத்தை" என்றார். பெரியம்மா பதில் சொல்லவில்லை. நேரே நிலத்தோரத்துக்கு நடந்தார். முழங்கால் வலி அப்பொழுது எங்கே போயிற்றோ தெரியாது. புளியமரத்தடியில் மண் மேடு. அதன் மேல் ஒரு கல். கல்லில் பெயரும் நாளும் தெலுங்கில் பொறித்திருந்தன.

பெரியம்மா படிக்கத் தெரியாதவர். தமிழோ தெலுங்கோ அவருக்கு ஒன்றுதான். என் பக்கம் திரும்பி, "என்னடா எழுதியிருக்கு?" என்றார். எனக்குத் தெலுங்கு படிக்க வராது. பிறர் மொழியை எடுத்துச் சொல்லிச் சம்பளம் வாங்குகிறவன் பேச்சற்று நின்றேன். மாமாவின் மகன்தான் அருகில் வந்து, விரலை வைத்து ஒவ்வோர் எழுத்தாகப் படித்து, தமிழில் சொன்னார். பெயர், தகப்பனார் பெயர், இறந்த நாள். அவர் படித்து முடித்ததும் பெரியம்மா, "நாளைச் சரியாத்தான் போட்டிருக்கே" என்றார். நான்கைந்து ஆண்டுகளாகப் பேசாதிருந்தவர் அவரிடம் பேசிய முதற் சொல் அது. பிறகு வீட்டுக்குள் போய்ச் சாப்பிட்டார்கள். எங்கள் அனைவருக்கும் மோர் கிடைத்தது.

குப்பத்தில் அதிக நேரம் தங்கவில்லை. 1997இல் தொடங்கப்பட்ட திராவிடப் பல்கலைக்கழகத்தின் வாயிலை மட்டும் பார்த்தோம். தென்னாட்டு மொழிகளை ஒரே இடத்தில் வைத்து ஆராய ஆந்திர அரசு அண்டை மாநிலங்களின் துணையோடு அமைத்த கல்விக்கூடம் அது. இடம் பார்த்துத்தான் அமைத்திருக்கிறார்கள் என்று தோன்றிற்று.

அங்கிருந்து புல்லூர். பாலாறு தமிழகத்துக்குள் நுழையும் இடம். கனகநாச்சியம்மன் கோயிலை ஒட்டி ஆற்றின் குறுக்கே ஆந்திர அரசு கட்டிய தடுப்பணை இருக்கிறது. ஐந்தடி உயரம் இருந்த அதை 2016இல் பன்னிரண்டடியாக உயர்த்தினார்கள். தமிழ்நாடு உச்ச நீதிமன்றத்தை நாடியது. சென்னை ராஜதானிக்கும் மைசூருக்கும் 1892இல் ஏற்பட்ட ஒப்பந்தத்தில் பாலாற்றின் பெயரும் உண்டு. மேலே இருப்பவர் கீழே இருப்பவரின் இசைவின்றிப் புதிய தேக்கம் கட்டலாகாது என்பது அதன் சாரம். அணைமேல் நின்றபோது மேற்புறம் சிறிது நீர் பச்சை படிந்து கிடந்தது; கீழ்ப்புறம் மணல். தோழர் ஒருவர் சினந்து பேசத் தொடங்கினார். சர்வேயர் ஐயா குறுக்கிட்டு, "நாம் மட்டும் என்ன? பேத்தமங்கலத்தில் தேக்கி முதலில் குடித்தவர்கள் நாம்தாமே" என்றார். அதன்பின் அந்தப் பேச்சு எழவில்லை. இதே ஆறு 1903 நவம்பரில், மேலே மைசூர்ப் பகுதி ஏரிகள் உடைந்து பெருக்கெடுத்து, வாணியம்பாடியில் பலரைக் கொண்டுபோயிற்று என்பதையும் அவரே சொன்னார். மணலைப் பார்த்துக்கொண்டு அதை நம்புவது கடினமாக இருந்தது.

வாணியம்பாடியிலிருந்து பெரியம்மாவின் மகள் பேரப்பிள்ளையோடு கோயிலடிக்கு வந்து காத்திருந்தாள். தாயும் மகளும் பேசி முடிப்பதற்குள் பொழுது சாயத் தொடங்கிவிட்டது.

திரும்பும் வழியில் பிசாநத்தம் பக்கம் வண்டியை நிறுத்தச் சொன்னார் சர்வேயர் ஐயா. தங்கவயலின் கற்படுகை தெற்கே நீண்டு, ஆந்திரத்தில் பிசாநத்தம், சிகுருகுண்டா வழியாகச் சென்று, தமிழகத்தில் கிருஷ்ணகிரிப் பகுதி மகாராஜகடை வரை போகிறது. பிசாநத்தத்திலும் எங்கள் பாரத் தங்கச் சுரங்கக் கம்பெனி தோண்டியதுண்டு. அவர் குனிந்து ஒரு கருங்கல் துண்டை எடுத்து எங்களிடம் காட்டினார். "சாம்பியன் ரீப்ஸில் மூன்று கிலோமீட்டருக்குக் கீழே இருந்ததும் இந்தச் சாதிக் கல்தான். கீழே நாங்களும் எல்லை அளந்திருக்கிறோம், தம்பி. அந்தக் கம்பெனிப் பாறை இது, இந்தக் கம்பெனிப் பாறை அது என்று வரைபடத்தில் கோடு போட்டிருக்கிறோம். ஆனால் பாறை வெடிக்கும்போது இரண்டு பக்கமும் சேர்ந்தே ஆடும்." பாறை வெடிப்பை எங்கள் ஊரில் ஏர் பிளாஸ்ட் என்போம். இரவில் வீட்டுப் பாத்திரங்கள் குலுங்கினால், யார் வீட்டு ஆண் அன்று ஷிப்டில் இருக்கிறான் என்று பெண்கள் வாசலுக்கு ஓடி வருவார்கள். கல்லை அவர் திரும்பக் கீழேயே போட்டுவிட்டார்.

இருட்டிய பின் சாம்பியன் ரீப்ஸ் வந்து சேர்ந்தோம். பெங்களூருக்கு வேலைக்குப் போனவர்கள் மாலை ரயிலில் இறங்கி வீடுகளுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். கணக்குப் பார்த்துப் பங்குத் தொகையை வசூலித்தார் சர்வேயர் ஐயா. பெரியம்மா மட்டும் வண்டியை விட்டு இறங்காமல், ஓட்டுநரிடம் கேட்டார்:

"தம்பி, சித்திரையில் எங்க அண்ணனுக்குத் திதி வருது. வண்டி வருமா?"

"மூணு மாநிலமும் சுத்தணுமா அம்மா, இல்லை ஒண்ணு போதுமா?"

"எங்க ஊரு வரைக்கும்தான்" என்றார் பெரியம்மா. "வாடகையைக் குறைச்சுச் சொல்லு."