ஆம்பூர்ப் போரும் ஆகன் நகரும்



ஐரோப்பாக் கண்டத்தைப் பற்றிச் சொல்லுக என்று கேட்டால், நம்மிற் பலர் தலைநகரங்களை வரிசையாக ஒப்பிக்கத் தொடங்கிவிடுவோம். பிரான்சுக்குப் பாரிஸ், ஆஸ்திரியாவுக்கு வியன்னா, போலந்துக்கு வார்சா என்று அவ்வரிசை நீளும். தேர்வு முடிந்த மறுநாளே அது நினைவைவிட்டு நீங்கிவிடும். வகுப்பறையில் பல்லாண்டுகள் நான் கண்ட உண்மை இது. ஆகவே இன்று வேறொரு வழியிற் செல்வோம். வார்சாவிலிருந்து அன்று, பாலாற்றங்கரையிலிருந்தே புறப்படுவோம்.

வேலூருக்கும் வாணியம்பாடிக்கும் இடையே உள்ளது ஆம்பூர். 2019ஆம் ஆண்டு வேலூர் மாவட்டம் மூன்றாகப் பிரிந்தபோது இவ்வூர் திருப்பத்தூர் மாவட்டத்தைச் சேர்ந்தது. மைசூர்ப் பீடபூமியிலிருந்து கருநாடகச் சமவெளிக்கு இறங்கும் கணவாய் இங்கேதான் இருக்கிறது. படைகள் இறங்கினாலும், சரக்கு வண்டிகள் இறங்கினாலும், இவ்வழியாகவே வரவேண்டும். இதனை அறிந்தே, ஆற்காட்டு நவாபு அன்வாருதீன் 1749ஆம் ஆண்டு கணவாயை அடைத்து அரண் அமைத்துப் பாசறை இறங்கினார். எதிரே வந்தவர் மூவர்: நவாபுப் பட்டத்தை நாடிய சந்தா சாகிப், ஐதராபாத் நிஜாமின் பட்டத்தை நாடிய முசாபர் ஜங், இவ்விருவருக்கும் துணையாகப் புதுச்சேரியிலிருந்து வந்த பிரெஞ்சுப் படை. ஆகஸ்டு 3ஆம் நாள் போர் மூண்டது. முதலிரண்டு தாக்குதல்கள் பலிக்கவில்லை. மூன்றாவதில் அரண் உடைந்தது. முதியவரான நவாபு தம் யானைமீது இருந்தபடியே குண்டடிபட்டு மாண்டார். மூத்த மகன் மாபூஸ்கான் சிறைப்பட்டார். இளையவர் முகமது அலி திருச்சிராப்பள்ளிக்குத் தப்பி ஓடினார்.

பிரெஞ்சுக்காரருக்கு ஆம்பூரில் என்ன வேலை? இதற்கு விடை காண வேண்டுமாயின், நாம் வியன்னாவுக்குச் செல்லவேண்டும்.

1740ஆம் ஆண்டு அக்டோபர் திங்களில் ஆஸ்திரியாவின் மன்னரும் புனித ரோமப் பேரரசருமான ஆறாம் சார்லஸ் காலமானார். அவருக்கு ஆண் மகவு இல்லை. தம் நாடுகள் மகள் மரியா தெரேசாவையே சேரவேண்டும் என்று, வாழ்நாளெல்லாம் ஐரோப்பிய அரசர்களிடம் உறுதிமொழி வாங்கி வைத்திருந்தார். கண்ணை மூடி இரண்டு திங்கள் ஆகுமுன்பே பிரஷ்யாவின் இளம் மன்னர் இரண்டாம் பிரெடரிக், சைலீஷியா என்னும் செழிப்பான மாகாணத்திற்குள் படையுடன் புகுந்தார். தேசப் படத்தை விரித்துப் பாருங்கள். ஓடர் ஆறு பாயும் அந்நிலத்தின் பெரும்பகுதி இப்போது போலந்து நாட்டில் இருக்கிறது. அன்று பிரெஸ்லௌ எனப்பட்ட அதன் தலைநகரம் இன்று விரோத்ஸ்வாஃப் எனப்படுகிறது. எல்லைக்கோடு எப்போதும் ஓரிடத்திலேயே நிற்பதில்லை என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டியதில்லை.

பிரான்சு, பிரஷ்யாவின் பக்கம் சேர்ந்தது. இங்கிலாந்து, மரியா தெரேசாவின் பக்கம் நின்றது. 1744இல் இவ்விரு நாடுகளும் நேரடியாகவே போர் அறிவித்துக்கொண்டன. புதுச்சேரி ஆளுநர் துய்ப்ளே, இந்தியக் கடலிலாவது அமைதி நிலவட்டும் என்று முயன்றார்; முயற்சி கைகூடவில்லை. பிரிட்டனி மாநிலத்துச் சேன் மாலோ துறைமுகத்திற் பிறந்த லா பூர்தொனே என்பவர் மொரீசியஸ் தீவிலிருந்து கப்பற்படையுடன் வந்து, 1746 செப்டம்பரில் சென்னைக் கோட்டையைப் பிடித்தார். ஓடர் ஆற்றங்கரையில் எழுந்த பேராசைக்காகச் சென்னைக் கடற்கரையிற் கொடி மாறியது. இதில் நம் நாட்டு உழவருக்கோ நெசவாளருக்கோ என்ன பங்கு? ஒன்றுமில்லை. இழப்பில் மட்டும் பங்கிருந்தது.

எட்டாண்டுப் போருக்குப் பின், 1748 அக்டோபர் 18ஆம் நாள் உடன்படிக்கை ஒன்று கையெழுத்தாயிற்று. இடம் ஆகன் என்னும் நகரம். பிரெஞ்சு மொழியில் ஏ-லா-ஷபேல். ஜெர்மனியின் மேற்கு ஓரத்தில், பெல்ஜியம், நெதர்லாந்து ஆகிய நாடுகளின் எல்லையை ஒட்டி இருப்பது. வெந்நீர் ஊற்றுக்களுக்குப் பெயர் பெற்றது. 814ஆம் ஆண்டு சார்லமேன் பேரரசர் மறைந்ததும், அடக்கம் செய்யப்பெற்றதும் இந்நகரிலேதான். இவ்வுடன்படிக்கையின்படி, கனடாவில் ஆங்கிலேயர் பிடித்திருந்த லூயிபூர் கோட்டை பிரான்சுக்குத் திரும்பியது. சென்னை ஆங்கிலேயருக்குத் திரும்பியது. பண்டமாற்றுப் போலவே நடந்தது. சென்னை மக்களை யாரும் ஒரு சொல் கேட்டதாகத் தெரியவில்லை.

அமைதி வந்துவிட்டது, படைகள் ஊர் திரும்பினவா? திரும்பவில்லை. இரு கம்பெனிகளிடமும் வேலையற்ற வீரர்கள் இருந்தார்கள். அவர்களுக்குச் சம்பளம் கொடுத்தாக வேண்டும். தங்கள் பெயரில் சண்டையிட முடியாத கம்பெனிகள், சுதேச அரசர்களின் பெயரில் சண்டையிட்டால் என்ன? துய்ப்ளே கண்ட வழி இதுதான். ஆகன் உடன்படிக்கை கையெழுத்தாகிப் பத்துத் திங்களுக்குள் ஆம்பூர்ப் போர் நிகழ்ந்ததன் காரணம் இதுவே. வெற்றிக்குப் பரிசாகச் சந்தா சாகிப் வில்லியனூர், பாகூர்ப் பகுதிகளின் ஊர்களைப் பிரெஞ்சுக்காரருக்கு அளித்தார். அவை இன்றும் புதுச்சேரியைச் சேர்ந்திருப்பதற்கு அடிப்படை அந்தக் கொடையே. 1751இல் ராபர்ட் கிளைவு ஆற்காட்டுக் கோட்டையைப் பிடித்துக் காத்த வரலாற்றை நீங்கள் பாடப் புத்தகத்திற் படித்திருப்பீர்கள். அதை இங்கே விரிக்க வேண்டியதில்லை.

வேலூரின் செய்தி ஒன்றுண்டு. 1806 ஜூலை 10ஆம் நாள் வேலூர்க் கோட்டையிற் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தனர். தோற்குஞ்சம் வைத்த புதிய தலைப்பாகையை அணியவும், நெற்றிக் குறியையும் காதணியையும் நீக்கவும் கட்டளை பிறந்ததே உடனடிக் காரணம். நூற்றுக்கு மேற்பட்ட ஆங்கிலேயரும், அவர்களினும் மிகப் பலரான சிப்பாய்களும் ஒரே பகலில் மாண்டனர். இரண்டு நாட்களுக்குப் பின், ஜூலை 12இல், நெப்போலியன் ஜெர்மானியச் சிற்றரசுகளை ஒன்றுகூட்டி ரைன் கூட்டமைப்பை நிறுவினார். ஆகஸ்டு 6இல் மரியா தெரேசாவின் பெயரர் இரண்டாம் பிரான்சிஸ் முடி துறந்தார். புனித ரோமப் பேரரசு முடிவெய்தியது. வேலூருக்கும் வியன்னாவுக்கும் அவ்வாண்டு நேர்த் தொடர்பில்லை என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆயினும் ஆண்டுகளை மனத்திற் பதிக்க இத்தகைய இணைப்புகள் உதவும்.

இனித் தோலுக்கு வருவோம். தோல் பதனிட மூன்று பொருள்கள் வேண்டும்: கால்நடைத் தோல், நல்ல நீர், துவர்ப்புள்ள மரப்பட்டை. நம் பக்கத்தில் ஆவாரம் பட்டையும் கடுக்காயும் கிடைத்தன. பாலாற்று மணலில் ஊற்று நீர் சுரந்தது. இத்தாலியின் ஆர்னோ ஆற்றங்கரையிலும் இதே காரணங்களால் தொழில் வளர்ந்தது. அங்கே ஓக், செஸ்ட்நட் மரப்பட்டைகள். ஸ்பெயினின் கோர்டோபா நகரம் அராபியர் ஆட்சியில் தோலுக்குப் பெயர் பெற்றது. ஆங்கிலத்திற் செம்மாரைக் குறிக்கும் பழைய சொல் அந்நகரின் பெயரிலிருந்தே பிறந்தது. நம் தோல் ஷாப்புகளில் அரைகுறையாகப் பதனிட்ட தோல்கள் சென்னைப் பெரியமேட்டு மண்டிகள் வழியாக லண்டன் ஏலத்திற்குச் சென்றன. முதலாம் உலகப் போரில் ஆங்கிலேயப் படைவீரரின் காலணிகளுக்கு அவை பயன்பட்டன. முடித்த தோலாகவும் காலணியாகவும் அனுப்புவது, 1970க்குப் பின் இந்திய அரசின் கொள்கை மாறியதன் பயனாக வளர்ந்தது.

கண்டத்தின் ஒரு மூலையில் இயற்றும் சட்டம் இன்றும் நம்மைத் தொடுகிறது. 1989இல் ஜெர்மனி, தோலைப் பூசணத்தினின்று காக்கும் பென்டாகுளோரோபீனால் என்னும் மருந்தைத் தடுத்தது. 1994இல் சிலவகை அசோ சாயங்களைத் தடுத்தது. ஆம்பூரில் எத்தனையோ தொட்டிகளின் வேலைமுறை அதனால் மாறிற்று. தடையின் நோக்கம் ஜெர்மானியரின் உடல்நலம் என்பதை மறக்கலாகாது. பாலாற்றை அது காக்கவில்லை. ஆற்றுக்காக வேலூர்க் குடிமக்களே வழக்காடினர். 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ பாழானது என்ற ஆய்வு நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்டது. 1996 ஆகஸ்டு 28இல் உச்ச நீதிமன்றம் ஒவ்வொரு தொழிற்சாலைக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்து, கழிவுநீரைச் சுத்திகரிக்குமாறு ஆணையிட்டது. தீங்கு மெய்ப்பிக்கப்படும்வரை காத்திராமல் முன்னரே தடுக்கவேண்டும் என்னும் கொள்கையை அத்தீர்ப்பு நம் நாட்டுச் சட்டத்தின் பகுதியாக ஏற்றது. அக்கொள்கை முதலில் உருப்பெற்றதும் ஜெர்மனியின் சட்டத்திலேதான்.

ஆம்பூர்க் காலணிகள் செல்லும் வழியையும் படத்திற் குறித்துக்கொள்ளுங்கள். சென்னைத் துறைமுகம், செங்கடல், 1869இல் திறக்கப்பெற்ற சூயஸ் கால்வாய், மத்தியதரைக் கடல், ஜிப்ரால்டர் நீரிணை. பின்னர் ரைன் ஆறு கடலொடு கலக்கும் பகுதியிலுள்ள ராட்டர்டாம், அல்லது எல்பா ஆற்றின்மீதுள்ள ஹாம்பர்க். 2023ஆம் ஆண்டு இறுதியில் செங்கடலில் வணிகக் கப்பல்கள் தாக்கப்பட்டபோது, பல கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றி நன்னம்பிக்கை முனை வழியே சென்றன. சேன் மாலோவிலிருந்தும் லண்டனிலிருந்தும் பாய்மரக் கப்பல்கள் நம் கரைக்கு வந்த வழி அதுவே.