ஒரே மொழி பேசும் இரு கரைகள்

(கீரியில் ஆற்றிய உரையின் வடிவம்)

   

பிரித்தானியருக்கும் அமெரிக்கருக்கும் உள்ள உறவைப் பற்றி இந்தக் கடற்கரையில் பேசுவதேன் என்று சிலர் வினவக்கூடும். ஒரு மொழி, இரு கரை, நடுவே கடல், அக்கடலின் மீனுக்காக வழக்கு. இவை அவர்களுக்கு இருந்தன, நமக்கும் இருக்கின்றன. ஆகவேதான் பேசுகின்றோம்.

அவ்விரு மக்களும் தொடக்கத்திலிருந்தே தோழர்களாக இருந்தவர்கள் என்று எண்ணிவிடாதீர்கள். 1776இல் அமெரிக்கக் குடியேற்றங்கள் ஆங்கில முடியை உதறின. 1783இல்தான் அந்தப் போர் உடன்படிக்கையில் முடிந்தது. 1812இல் மீண்டும் போர். 1814இல் ஆங்கிலப் படை வாஷிங்டன் நகருட் புகுந்து குடியரசுத் தலைவரின் மாளிகைக்கே தீ வைத்தது. எனினும் ஷேக்ஸ்பியரை இரு கரையும் கைவிடவில்லை. 1828இல் நோவா வெப்ஸ்டர் தனி அகராதி கண்டு எழுத்துக் கூட்டலை மாற்றினார், மொழியை மாற்றவில்லை.

அந்த உறவின் ஓர் அத்தியாயம் நம் மண்ணிலேயே எழுதப்பட்டது. வாஷிங்டன் எரிந்து இரண்டே ஆண்டில், 1816இல், ஆங்கில ஆட்சிக்குட்பட்ட யாழ்ப்பாணத்துக்கு அமெரிக்க மிஷனரிமார் வந்தனர். தேசாதிபதி பிரவுன்றிக் அவர்களுக்கு இடமளித்தார். தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் அவர்கள் தங்கினர். பின்வந்த பார்ன்ஸ் 1820இல் புதிய அமெரிக்கர் வருவதைத் தடுத்தார். 1833இல் அத்தடை நீங்கிற்று. ஐயமும் இணக்கமும் மாறி மாறி வந்தன. ஆயினும் பணி நிற்கவில்லை. 1823இல் எழுந்த வட்டுக்கோட்டை செமினரியில் பயின்ற சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறல் விசுவநாதபிள்ளையும் சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளாயினர். அமெரிக்கர் நடத்திய பள்ளி, ஆங்கிலேயர் ஆண்ட நாடு, பட்டம் தந்தது அக்கரைச் சென்னை! கல்வி கடலைக் கடந்தபோது எவரும் எல்லைக்கோடு கேட்கவில்லை.

இனி மீன் வழக்கு. நியூபவுண்ட்லாந்துக் கரையோரத்தில் அமெரிக்கர் மீன்பிடிக்கும் உரிமை பற்றி 1818இல் ஓர் ஒப்பந்தம் எழுதினார்கள். எழுதியதும் வழக்கு ஓய்ந்ததா? இல்லை. எந்த வலை, எந்தக் காலம், யார் வகுக்கும் விதி என்று 92 ஆண்டுகள் பூசல் நீண்டது. ஈற்றில் இரு அரசுகளும் ஹேக் நகரில் ஐந்து நடுவர் முன் சென்றன. 1910இல் தீர்ப்பு வந்தது. தன் கடலுக்கு விதி வகுக்கும் உரிமை கரைக்குரிய அரசுக்கு உண்டு. ஆனால் அவ்விதி நேர்மையானதாகவும் ஒப்பந்தத்தை மீறாததாகவும் இருத்தல் வேண்டும் என்பது அதன் சாரம். 1941இல் ரூஸ்வெல்ட்டும் சர்ச்சிலும் அட்லாண்டிக் சாசனத்தை வகுக்கக் கூடியதும் அதே நியூபவுண்ட்லாந்துக் கடலோரத்திலேதான்!

நம் கடலுக்கு வருவோம். 1914 முதல் தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் இடையே கப்பல் ஓடியது. 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அழித்தது. 1974இலும் 1976இலும் இரு அரசுகளும் கடல் எல்லையை வகுத்தன. நம் மீனவரோ போர்க்காலம் முழுதும் கடற்றடைக்குள் வாடினர். 2009க்குப் பின் வலையோடு இறங்கியபோது, அக்கரை இழுவைப் படகுகள் அவ்வலைகளை அறுத்துச் சென்றன. இழுவை மடி கடலின் அடித்தளத்தையே வாரிச் செல்கிறது, குஞ்சும் மிஞ்சுவதில்லை. 2017இல் இலங்கை அத்தொழிலைச் சட்டத்தால் தடுத்தது. அக்கரையிலும் கண்ணீர் இல்லாமலில்லை. படகு பறிபோய்ச் சிறைப்பட்ட கூலித் தொழிலாளியின் வீட்டிலும் அடுப்பு எரிவதில்லை. அவனும் தமிழன், அவனுக்கும் பசி உண்டு.

ஆயினும் ஒன்றை ஒளிக்காமல் சொல்லுவோம். உறவு என்னும் சொல்லைக் காட்டி எங்கள் வலையை அறுக்க எவருக்கும் உரிமை இல்லை. நீதி இல்லாத இடத்தில் உறவு வெறும் மேடைப் பேச்சு!

கமக்காரருக்கு இது விளங்கும். காலபோக விதைப்புக்கு முன் கூட்டம் கூடி, எந்த வாய்க்காலுக்கு எப்போது நீர் என்று தீர்மானிக்கின்றீர்கள். மேல்வயற்காரன் உறவினன் என்பதற்காக மடையை அவனிடம் விட்டுவிடுவதில்லை, அவனைப் பகைவனாக்குவதுமில்லை. கடலுக்கும் அத்தகைய கூட்டம் ஒன்று வேண்டும்.

எனவே நாம் கேட்பவை மூன்று. இழுவை மடி இக்கடலில் முற்றாக நிற்க வேண்டும். அதை விடும் தொழிலாளிக்கு ஆழ்கடற் தொழிலுக்கு மாற அக்கரை அரசுகள் வழிசெய்ய வேண்டும். இரு கரை மீனவரும் சமமாக அமரும் நிலையான குழு வேண்டும். சட்டம் கற்றோரும் ஆசிரியரும் அறுந்த வலைகளின் கணக்கை நாளும் இடமும் குறித்து எழுதிக் கொடுங்கள். கூச்சலை அரசுகள் மறந்துவிடும். கணக்கை மறைக்க முடியாது.

மாளிகை எரித்தவர்களும் எரிக்கப்பட்டவர்களும் ஒரு மேசையில் அமர்ந்தார்கள். வலை இழந்த நாமும் படகு இழந்த அவர்களும் அமர முடியாதா? முடியும். அந்த மேசைக்கு நாம் வெறுங்கையோடு போகலாகாது, நியாயத்தோடு போவோம்!