பாட்டறிந்தவர் பாட்டை விலக்கிய கதை

(போடிமெட்டில் நிகழ்ந்த சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



ஒருபுறம் போடிநாயக்கனூர்ச் சமவெளியும் மறுபுறம் பூப்பாறை ஏலத்தோட்டங்களுமாக அமைந்த இம்மேட்டில் வாழும் நாம், ஒரு தொழிலோடு நின்றவர் அல்லோம். ஏலம் பறிக்கும் கையே அதனை உலர்த்தவும் தரம் பிரிக்கவும் அறியும். தமிழ் பேசும் நாவே மலையாளமும் பேசும். ஆயினும், பலவற்றில் கை வைத்தால் ஒன்றும் தேறாது என்று சொல்லி நம் பிள்ளைகளின் ஆர்வத்தை அடக்கிவிடுகிறோம். இக்கூற்று மெய்தானா? வீணை வித்துவான் எஸ். பாலசந்தரின் வாழ்க்கையைக் கொண்டு ஆராய்வோம்.

1927-ஆம் ஆண்டு பிறந்த பாலசந்தர், 1934-இல் வெளிவந்த 'சீதா கல்யாணம்' படத்தில் சிறுவனாகத் தோன்றினார். கஞ்சிரா, தபேலா, சித்தார் முதலிய கருவிகளைப் பயின்றார். வீணையை ஆசானின்றித் தாமே கற்றார். திரையுலகில் நடித்தார், பாடினார், இசையமைத்தார், இயக்கினார்.

இத்தகைய இசைவாணர் 1954-இல் ஏவி.எம். நிறுவனத்திற்காக இயக்கிய 'அந்த நாள்' படத்தில் ஒரு பாட்டும் இல்லை, ஆடலும் இல்லை! ஒரு கொலையைக் குறித்து ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகக் கூறுவதே கதை. ஜப்பானிய இயக்குநர் குரோசாவாவின் 'ராஷோமோன்' இதற்குத் தூண்டுகோலாயிற்று. கதாநாயகராகிய சிவாஜி கணேசனே அதில் தேசத்துரோகி. அந்நாளில் வசூல் தேறவில்லை. பின்னாளிலோ அது தமிழ்த் திரையின் அரிய சாதனை எனப் போற்றப்பட்டது. பாட்டறியாதவர் பாட்டை விட்டால் அது குறை. பாட்டறிந்தவர் விட்டால் அது துணிவு.

1964-இல் தாமே தயாரித்து, இயக்கி, இசையமைத்து, நடித்த 'பொம்மை' படத்தின் வாயிலாக, கொச்சியில் பிறந்த இளைஞர் யேசுதாஸின் குரலைத் தமிழர்க்கு அறிமுகஞ் செய்தார். இம்மேட்டைக் கடக்கும் சாலை சென்று சேரும் அதே கொச்சிதான்! அப்படத்தின் முடிவில், உடன் உழைத்த கலைஞர்களைத் திரையிலேயே தோன்றச் செய்து அறிமுகப்படுத்தினார். பல தொழிலின் உழைப்பையும் தாமே உணர்ந்தவர்க்கன்றோ பிறர் உழைப்பின் அருமை புலப்படும்!

1970-இல் 'நடு இரவில்' வெளிவந்தது. அதன்பின் வீணைக்கே தம்மை ஒப்படைத்தார். 1982-இல் பத்மபூஷண் விருது பெற்றார்; 1990-இல் மறைந்தார். பலவற்றையும் பயின்றதனாலேயே எதனைக் கொள்வது, எதனை விடுவது என்பதை அவர் அறிந்தார்.

ஆகவே அன்பர்களே, நம் பிள்ளைகள் பலவற்றையும் தொட்டுப் பார்க்கட்டும். தமக்குரியது எதுவெனத் தேர்ந்தெடுக்கும் அறிவு அதிலிருந்தே பிறக்கும். தடை சொல்லாதிருப்பது நம் கடமை.