நடுவு நிலையும் நன்றியும்: ஹோசே சுலைமானின் நிர்வாகப் பணி



குத்துச்சண்டை என்றவுடன் முகம்மது அலி, மைக் டைசன் முதலிய வீரர்களின் பெயர்களே எவர் நினைவிலும் எழும். அவ்வீரர்கள் எத்தனை சுற்றுகள் மோத வேண்டும், யார் யாரை எதிர்க்கத் தகுதி உடையவர், வென்றவருக்குப் பட்டம் உண்டா இல்லையா என்பனவற்றை முடிவு செய்பவர் மேடைக்கு வெளியே அமர்ந்திருக்கிறார். அவர் உடலில் ஒரு குத்தும் விழுவதில்லை. ஆயினும் அவர் எழுதும் ஒரு விதியால் ஓர் உயிர் காக்கப்படலாம்; அவர் மாற்றும் ஒரு பட்டியலால் ஒரு வீரனின் வாழ்நாள் உழைப்பு வீணாகலாம். அத்தகைய நிர்வாகிகளுள் நெடுங்காலம் பொறுப்பு வகித்தவர் மெக்சிகோ நாட்டவரான ஹோசே சுலைமான். 1975ஆம் ஆண்டு டிசம்பர் 5ஆம் நாள் உலகக் குத்துச்சண்டை மன்றத்தின் தலைவராகத் தேர்வு பெற்ற அவர், 2014ஆம் ஆண்டு ஜனவரி 16ஆம் நாள் மறையும் வரை அப்பதவியிலேயே இருந்தார். முப்பத்தெட்டு ஆண்டுகள் ஒருவர் கையில் அதிகாரம் இருந்தால் அது எவ்வாறெல்லாம் இயங்கும் என்பதற்கு அவர் வாழ்க்கை ஒரு பாடமாக அமைந்துள்ளது.

சுலைமான் 1931ஆம் ஆண்டு மே 30ஆம் நாள் மெக்சிகோவின் சியுடாட் விக்டோரியா நகரில் பிறந்தார். லெபனான் வழிவந்த குடும்பம் அவருடையது. இளமையில் தாமே கையுறை அணிந்து மோதியவர். பின்னர்ப் பயிற்சியாளர், நடுவர், புள்ளி வழங்குவோர் எனப் பல நிலைகளிலும் பணியாற்றினார். பதினாறு வயதிலேயே உள்ளூர்க் குத்துச்சண்டைக் குழுவொன்றில் இடம் பெற்றார் என்பது குறிப்பிடத்தக்கது. ஆகவே வீரர்களின் வலியை நூல்களில் படித்து அறிந்தவர் அல்லர் அவர்.

அவர் தலைமை ஏற்ற மன்றம், 1963ஆம் ஆண்டு பிப்ரவரி 14ஆம் நாள் மெக்சிகோ நகரில், 11 நாடுகளின் பிரதிநிதிகள் கூடி நிறுவியதாகும். அதன் முதல் தலைவர் லூயிஸ் ஸ்போட்டா என்பவர் மெக்சிகோவின் புகழ்பெற்ற நாவலாசிரியர் என்பது இலக்கிய அன்பர்களுக்கு வியப்பூட்டும் செய்தியாகலாம். சுலைமான் அம்மன்றத்தில் 1968ஆம் ஆண்டில் சேர்ந்து ஏழே ஆண்டுகளில் அதன் தலைமையை எய்தினார்.

தொழில்முறைக் குத்துச்சண்டை நடைபெறும் முறையை ஈண்டுச் சற்று விளக்குதல் வேண்டும். கால்பந்துக்கு இருப்பது போல உலகம் முழுமைக்கும் பொதுவான ஒரே தலைமை அமைப்பு இவ்விளையாட்டுக்கு இல்லை. உலகக் குத்துச்சண்டைச் சங்கம், உலகக் குத்துச்சண்டை மன்றம் என இரண்டு அமைப்புகள் முதலில் இருந்தன. 1980களில் மேலும் இரண்டு தோன்றின. ஒவ்வொன்றும் தனித்தனியே தரவரிசை வெளியிடுகிறது. தனித்தனியே உலகப் பட்டம் வழங்குகிறது. பட்டப் போட்டி நடக்கும்போது வீரர்கள் பெறும் தொகையில் ஒரு பங்கு ஒப்புதல் கட்டணமாக அமைப்புக்குச் செல்கிறது. புகழ் பெற்ற வீரர் பட்டம் தாங்கினால் கட்டணம் மிகுதி. புகழில்லாதவர் தாங்கினால் குறைவு. நீதி வழங்கும் இடமும் வருவாய் தேடும் இடமும் ஒன்றாகவே இருக்கின்றன. இந்த அமைப்புக்குள்தான் சுலைமான் செயற்பட வேண்டியிருந்தது.

அவர் உறுதியை உலகம் முதலில் கண்டது 1978ஆம் ஆண்டில். அவ்வாண்டு பிப்ரவரியில் லியோன் ஸ்பிங்ஸ் என்னும் இளைஞர், மாவீரர் முகம்மது அலியை வென்று உலகையே திகைக்க வைத்தார். மன்றத்தின் விதிப்படி ஸ்பிங்ஸ் அடுத்து மோத வேண்டியவர் கென் நார்ட்டன். ஆனால் அலியுடன் மீண்டும் மோதினால் பெரும்பணம் கிட்டும் என்பதால் ஸ்பிங்ஸ் அதனையே தேர்ந்தார். மன்றம் மார்ச் மாதத்தில் அவரிடமிருந்து பட்டத்தைப் பறித்து நார்ட்டனுக்கு வழங்கியது. 1977 நவம்பரில் ஜிம்மி யங்கை நார்ட்டன் வென்ற போட்டியே பட்டப் போட்டியாகக் கருதப்பட்டது. நார்ட்டனோ பட்டத்திற்கான ஒரு போட்டியிலும் மேடையில் வென்றவர் அல்லர். ஜூன் மாதமே லாரி ஹோம்ஸிடம் அதனை இழந்தார். இம்முடிவால் அதிக எடைப் பிரிவின் பட்டம் இரண்டாகப் பிளவுபட்டது என்று பலர் வருந்தினர். எனினும், அலி என்னும் பெரும்பெயரின் முன்னும் விதி தளரவில்லை என்பதை மறுக்க இயலாது.

நிறவெறிக் கொள்கை கோலோச்சிய காலத்தில் தென்னாப்பிரிக்காவை மன்றம் விலக்கி வைத்ததும் இவ்வகையில் எண்ணத்தக்கது. போட்டி அமைப்பான சங்கம் 1979ஆம் ஆண்டில் பிரிட்டோரியா நகரிலேயே அதிக எடைப் பிரிவின் உலகப் பட்டப் போட்டியை நடத்த இசைந்தது. அங்குக் கிட்டக்கூடிய வருவாயைச் சுலைமானின் மன்றம் வேண்டாமென ஒதுக்கியது.

அவர் பெயர் நிலைத்து நிற்பதற்குக் காரணமான செயல் 1982ஆம் ஆண்டின் இறுதியில் நிகழ்ந்தது. அதன் பின்னணியில் இரண்டு மரணங்கள் உள்ளன. 1980ஆம் ஆண்டு செப்டம்பர் 19ஆம் நாள் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில், மன்றத்தின் பட்டத்திற்காக மெக்சிகோவின் லூப்பே பின்டோரை எதிர்த்த வேல்ஸ் நாட்டு இளைஞர் ஜானி ஓவன், பன்னிரண்டாம் சுற்றில் நினைவிழந்து வீழ்ந்தார். மீண்டும் கண் விழிக்காமலே நவம்பர் 4ஆம் நாள் உயிர் நீத்தார். இரண்டாண்டுகள் கழித்து, 1982 நவம்பர் 13ஆம் நாள் லாஸ் வேகாஸ் நகரில் ரே மான்சினியை எதிர்த்த தென்கொரிய வீரர் டுக் கூ கிம் பதினான்காம் சுற்றில் வீழ்ந்து, சில நாட்களில் இறந்தார். அத்துயரம் அவரோடு முடியவில்லை. அடுத்த ஆண்டில் கிம்மின் தாயும், அப்போட்டியின் நடுவர் ரிச்சர்ட் கிரீனும் தம் உயிரைத் தாமே மாய்த்துக் கொண்டனர்.

கிம் இறந்த போட்டியை நடத்த இசைந்தது சங்கமே, மன்றம் அன்று. "அது எங்கள் போட்டியன்று" என்று சுலைமான் ஒதுங்கியிருக்கலாம். அவர் அவ்வாறு ஒதுங்கவில்லை. சில வாரங்களுக்குள், டிசம்பர் மாதத்திலேயே, மன்றத்தின் பட்டப் போட்டிகள் 15 சுற்றுகளிலிருந்து 12 சுற்றுகளாகக் குறைக்கப்படும் என்ற அறிவிப்பு வெளிவந்தது. 1983 முதல் அது நடைமுறைக்கு வந்தது.

மரபில் பற்றுடையோர் இம்முடிவைக் கடுமையாக எதிர்த்தனர். வீரத்தின் உண்மையான சோதனை இறுதி மூன்று சுற்றுகளில்தான் உள்ளது என்பது அவர்கள் வாதம். வேறு சிலர் இதில் தொலைக்காட்சி நிறுவனங்களின் நலன் மறைந்திருப்பதாக ஐயுற்றனர். 15 சுற்றுகளும் இடைவேளைகளும் சேர்ந்து 59 நிமிடங்கள். 12 சுற்றுகளாயின் 47 நிமிடங்கள். ஒரு மணி நேர நிகழ்ச்சியில் விளம்பரத்துக்கும் இடம் கிடைத்துவிடும். இக்கணக்கு உண்மையே. ஜானி ஓவன் பன்னிரண்டாம் சுற்றிலேயே வீழ்ந்தார் என்பதும் உண்மையே. ஆகவே புதிய விதி எல்லா உயிரையும் காத்துவிடும் என்று சொல்ல இயலாது. ஆயினும் களைத்துப்போன உடல் தற்காப்பை இழந்து வாங்கும் அடிகளே கொடியவை. அந்த ஒன்பது நிமிடங்களை நீக்கியது சிறிய செயலன்று. மற்ற அமைப்புகள் தயங்கித் தயங்கி 1988க்குள் அவ்வழியே வந்தன. ஆடவர் உலகப் பட்டப் போட்டிகள் 12 சுற்றுகளோடு முடிவதே இன்றைய வழக்கமாகிவிட்டது.

இவ்வளவு துணிவோடு விதி வகுத்தவர், அவ்விதியின் முன் எப்போதும் நேராக நின்றாரா என்னும் கேள்வி எழுகிறது. 1990ஆம் ஆண்டு பிப்ரவரி 11ஆம் நாள் டோக்கியோ நகரில், யாரும் எதிர்பாராத வகையில் பஸ்டர் டக்ளஸ் பத்தாம் சுற்றில் மைக் டைசனை வீழ்த்தினார். எட்டாம் சுற்றில் டக்ளஸ் கீழே விழுந்தபோது நடுவர் மெதுவாக எண்ணினார் என்று டைசனின் போட்டி ஏற்பாட்டாளர் டான் கிங் முறையிட்டார். மேடையில் நடுவரின் எண்ணிக்கையே முடிவானது என்பது இவ்விளையாட்டின் அடிப்படை. அவ்வாறிருந்தும் சுலைமான் டக்ளஸின் வெற்றிக்கு ஒப்புதல் அளிக்காமல் நிறுத்தி வைத்தார். உலகெங்கும் கண்டனம் எழுந்த பின்னர், சில நாட்களில் அம்முடிவு கைவிடப்பட்டது. டான் கிங்குடன் அவருக்கிருந்த நட்பு ஊரறிந்த ஒன்றாதலால், அன்று விழுந்த ஐயம் பின்னர் நீங்கவே இல்லை.

அதனினும் பெரிய சோதனை 1998ஆம் ஆண்டில் வந்தது. ராய் ஜோன்ஸ் என்னும் பெருவீரர் அதிக எடைப் பிரிவுக்குச் செல்ல எண்ணியதால், அவரிடமிருந்த பட்டம் காலியானது. அதற்காக மார்ச் 21ஆம் நாள் பெர்லின் நகரில் நடைபெற்ற போட்டியில் ஜெர்மானியரான கிராசியானோ ரோக்கிஜியானி, மைக்கேல் நன் என்பவரை வென்றார். மன்றத்தின் தரவரிசைப் பட்டியலிலும் அவர் பெயர் உலகப் பட்டத்திற்கு உரியவராக இடம் பெற்றது. பின்னர் ஜோன்ஸ் தம் எண்ணத்தை மாற்றிக் கொண்டார். உடனே மன்றமும் மாறியது. ஜோன்ஸுக்கே பட்டம் திரும்பியது. ரோக்கிஜியானி வென்றது இடைக்காலப் பட்டமே என்றும், பட்டியலில் அவர் பெயர் இடம் பெற்றது அச்சுப் பிழை என்றும் விளக்கம் தரப்பட்டது.

அச்சுப் பிழை எத்தகையது என்பதை மலர் வெளியிட்டுப் பழகியவர்கள் நன்கு அறிவர். ஓர் எழுத்து மாறலாம். ஒரு வரி விடுபடலாம். பல்லாயிரவர் பார்த்திருக்க ஒருவர் வென்ற பட்டம் பிழையாகிவிட முடியாது. ரோக்கிஜியானி நியூயார்க் நீதிமன்றத்தை நாடினார். 2002ஆம் ஆண்டில் அவருக்கு மூன்று கோடி டாலருக்கு மேல் இழப்பீடு வழங்க வேண்டுமென முடிவாயிற்று. மன்றம் திவால் பாதுகாப்புக் கோரும் நிலைக்குத் தள்ளப்பட்டு, 2004ஆம் ஆண்டில் உடன்பாடு கண்டு உயிர் பிழைத்தது. ஸ்பிங்ஸிடம் வளையாத விதி ஜோன்ஸுக்காக வளைந்தது. இருபதாண்டு இடைவெளியில் ஒரே தலைமையின் கீழ் இரண்டும் நிகழ்ந்தன.

திருக்குறளில் நடுவு நிலைமை பன்னிரண்டாம் அதிகாரமாக அமைந்துள்ளது. அதற்கு முன்னுள்ளது செய்ந்நன்றி அறிதல். இவ்வைப்பு முறைக்குப் பரிமேலழகர் கூறும் காரணம் ஆழ்ந்து எண்ணத்தக்கது. நமக்கு உதவியவரை நினைக்கையில் நடுவு நிலை குலைய இடமுண்டு. அங்கேயும் குலையலாகாது என்பதை உணர்த்தவே அது அடுத்து வைக்கப்பட்டது என்பது அவர் கருத்து. பகையால் நீதி தவறுவோரை உலகம் எளிதில் கண்டு கொள்ளும். நன்றியால் தவறுவோர் தாம் தவறுவதைத் தாமே அறியார். சுலைமானின் வாழ்வில் நேர்ந்ததை இவ்வுரையின் ஒளியில் நோக்கலாம். இறந்த கிம் அவருக்கு எந்த உதவியும் செய்தவர் அல்லர்; அவர் பொருட்டு எடுத்த முடிவு நேராக நின்றது. பெரும் ஏற்பாட்டாளர்களும் புகழ்மிக்க வீரர்களும் மன்றத்தை வாழ வைத்தவர்கள். அவர்கள் முன்னிலையில் துலாக்கோல் சாய்ந்தது.

இதனைத் தனியொருவர் குணக்குறை என்று மட்டும் கூறி முடிப்பது பொருந்தாது. வருவாய் தருபவரையே தரவரிசைப்படுத்தும் அமைப்பில் யார் அமர்ந்தாலும் இச்சோதனை உண்டு. அமெரிக்காவில் 2000ஆம் ஆண்டில் முகம்மது அலியின் பெயரால் இயற்றப்பட்ட சட்டம், தரவரிசை எவ்வடிப்படையில் அமைகிறது என்பதை அமைப்புகள் வெளிப்படையாகக் கூற வேண்டும் என்று விதித்தது. விதி செய்வோரையும் விதிக்குள் கொணரும் முயற்சி அது.

2007ஆம் ஆண்டில் குத்துச்சண்டைப் புகழ் மண்டபத்தில் சுலைமானின் பெயர் சேர்க்கப்பட்டது. அவர் மறைவுக்குப் பின் அவர் மகன் மௌரிசியோ அப்பதவிக்குத் தேர்வானார். ஜானி ஓவனுக்கு அவர் பிறந்த மெர்தர் டிட்ஃபில் நகரில் 2002ஆம் ஆண்டில் சிலை எழுந்தது. ஓவனின் தந்தை விரும்பி அழைக்க, அன்று அவரை வீழ்த்திய லூப்பே பின்டோரே வந்து அச்சிலையைத் திறந்து வைத்தார். மேடையில் மோதியவர்கள் ஒருவர்க்கொருவர் காட்டிய இந்த நேர்மைக்குக் குறையாத நேர்மையை, மேடைக்கு வெளியே அமர்ந்திருப்போரிடமும் அவர்கள் எதிர்பார்ப்பது முறையே. அந்த எதிர்பார்ப்பைச் சுலைமான் பன்னிரண்டாம் சுற்றோடு மணியை ஒலிக்கச் செய்தபோது நிறைவேற்றினார்; பெர்லினில் வென்றவனின் பெயரை நீக்கியபோது மறந்தார். இரண்டையும் ஒருங்கே சொல்வதே அவர் பணிக்குச் செய்யும் மரியாதையாகும்.