தீர்ப்போடு முடிந்துவிடவில்லை



நான் பத்தாவது வரை படித்தவள். வீட்டைப் பார்த்துக்கொண்டு இருப்பவள். சட்ட உதவி முகாமில் கேட்டுத் தெரிந்துகொண்டதை நமக்குப் புரிகிற மாதிரி சொல்கிறேன்.

ராஜஸ்தானில் பட்டேரி என்று ஒரு கிராமம். அங்கே பன்வாரி தேவி என்ற அம்மா, நம்ம ஊக்குநர் மாதிரி அரசுத் திட்டத்தில் வேலை பார்த்தவர். 1992-ல் ஒரு வயசு கூட ஆகாத குழந்தைக்கு நடக்க இருந்த கல்யாணத்தைத் தடுக்கப் பார்த்தார். அந்த வருஷம் செப்டம்பரில் ஐந்து பேர் சேர்ந்து கணவரை அடித்து, தன்னைப் பாலியல் வன்கொடுமை செய்ததாகப் புகார் கொடுத்தார். 1995-ல் கோர்ட் அந்தக் குற்றத்திலிருந்து ஐந்து பேரையும் விடுதலை செய்தது. ஹைகோர்ட்டுக்கு மேல்முறையீடு போனது. 2007 வரை ஒரே ஒரு தடவைதான் விசாரணைக்கு வந்தது. எதிரிகளில் சிலர் இறந்தே போனார்கள்.

அப்படியானால் அவர் போராடியது வீணா? இல்லைங்க. அவருக்கு நடந்ததை வைத்துத்தான் பெண்கள் அமைப்புகள் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். 1997-ல் விசாகா தீர்ப்பு வந்தது. அதிலிருந்து 2013-ல் சட்டம் வந்தது. இன்றைக்கு நம்ம சிப்காட் கம்பெனிகளில் பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை பார்த்தால் புகார் கமிட்டி இருக்க வேண்டும் என்பது அந்தச் சட்டம்தான். ஷிப்ட் பஸ் ஏறும் நம்ம பிள்ளைகளுக்கு அந்த அம்மா செய்த உதவி அது.

அந்தக் காலத்தில் விடுதலைத் தீர்ப்பை எதிர்த்து அரசுதான் மேல்முறையீடு செய்ய வேண்டும். அடிபட்டவர் கையில் அந்த உரிமை இல்லை. 2009-ல் இருந்து அது மாறிவிட்டது. இப்போது பாதிக்கப்பட்டவரே போகலாம். மாஜிஸ்ட்ரேட் கோர்ட் விடுதலை செய்தால் செஷன்ஸ் கோர்ட்டுக்கு. செஷன்ஸ் கோர்ட் விடுதலை செய்தால் ஹைகோர்ட்டுக்கு. அதற்குத் தனியாக அனுமதி வாங்க வேண்டியதில்லை என்று 2018-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. தீர்ப்பு வந்ததுமே நகலுக்கு மனு போட்டுடணும். நாள் கடத்தக் கூடாது. வக்கீலுக்குப் பணம் இல்லையே என்று உட்கார வேண்டாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. கோர்ட் வளாகத்தில் உள்ள சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேட்கணும். 15100-க்கு போன் செய்தாலும் வழி சொல்வார்கள்.

எங்கள் குழுவில் ஒரு அக்காவை வரப்புத் தகராறில் கட்டையால் அடித்தார்கள். கை எலும்பு முறிந்தது. கேஸ் பல வருஷம் நடந்தது. பார்த்தவர்கள் கோர்ட்டில் மாற்றிச் சொன்னார்கள். எதிரிகளுக்கு விடுதலை. "கோர்ட்டே சொல்லிடுச்சு, பொய் கேஸ்"னு ஊர் பேசிச்சு. தண்ணி பிடிக்க வரவே அந்த அக்கா கூச்சப்பட்டாங்க. சகோதரிகளே, விடுதலை என்றால் அடி விழவில்லை என்று அர்த்தம் இல்லை. சந்தேகம் இல்லாமல் நிரூபிக்க முடியவில்லை என்பதாலும் விடுவிப்பார்கள்.

இன்னொன்றும் சொல்லணும். மேல் கோர்ட்டில் பெரும்பாலும் புதுசாகச் சாட்சி விசாரிக்க மாட்டார்கள். கீழ் கோர்ட்டில் பதிவானதைத்தான் படித்துப் பார்ப்பார்கள். விடுதலைத் தீர்ப்பை லேசில் மாற்றவும் மாட்டார்கள். அதனால் மேல்முறையீட்டுக்கு வேண்டியதை அடிபட்ட அன்றைக்கே சேர்க்கணும். அரசு ஆஸ்பத்திரியில் யார் அடித்தது, எதால் அடித்தது என்று சொல்லிப் பதிய வைக்கணும். ஸ்டேஷனில் சி.எஸ்.ஆர். ரசீது, எஃப்.ஐ.ஆர். நகல் கேட்டு வாங்கணும். நகலுக்குக் காசு கிடையாது. பார்த்தவர் பார்த்ததை மட்டும் சொல்லணும், கடைசி வரைக்கும் அதையே சொல்லணும்.

அந்த அக்காவுக்குக் காயச் சான்று இருக்கிறது. அவங்க மனசு மாறாத பேச்சும் பதிவில் இருக்கிறது. அதை வைத்துத்தான் இலவச வக்கீல் மூலமா மேல்முறையீடு போட்டிருக்காங்க. முடிவு என்ன ஆகும்னு யாராலும் சொல்ல முடியாது. ஆனா வாய்தா அன்றைக்கு கோர்ட் வராந்தாவில் எதிரிகள் பக்கம் பத்துப் பேர் நிற்கிறாங்க, அக்கா பக்கம் அவங்க மக மட்டும்தான்.

கடன் தவணை கட்ட முடியாதவளுக்கு நாம் குழுவாகச் சேர்ந்து கட்டியிருக்கோம். வாய்தாவுக்கும் முறை போட்டு, ஒரு குழுவுக்கு இரண்டு பேர் என்று போவோம். இந்தக் கூட்டத்திலேயே தீர்மான நோட்டில் எழுதிவிடுங்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். முதல் பேராக என் பேரை எழுதுங்கள்.