உரிமம் தாமதமானால் நீதிமன்றம் என்ன செய்யும்?



பிடோக்கில் குடியிருக்கும் ஒருவர், பள்ளிப் பிள்ளைகளை ஏற்றிச் செல்வதற்காகச் சிறு பேருந்து ஒன்றை வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். வண்டி தயார். கடன் தவணையும் தொடங்கிவிட்டது. ஆனால் பொதுச் சேவை வாகன உரிமம் வந்தபாடில்லை. மறுக்கவும் இல்லை. கேட்கும்போதெல்லாம் "பரிசீலனையில் இருக்கிறது" என்ற ஒரே பதில். மறுத்துவிட்டால் அதை எதிர்த்து மேலே முறையிடலாம். மௌனத்தை எதிர்த்து எங்கே போவது?

பல சட்டங்கள் விண்ணப்பத்தை இத்தனை நாளில் முடிக்க வேண்டும் என்று கெடு வைப்பதில்லை. அதனால் எத்தனை காலமும் கிடப்பில் போடலாம் என்று பொருளல்ல. காலவரை குறிக்கப்படாத காரியத்தை இயன்ற விரைவில் செய்து முடிக்க வேண்டும் என்பது சிங்கப்பூரின் சட்ட விளக்கச் சட்டம் கூறும் பொது விதி. கடமை இருந்தும் செய்யாத அதிகாரியைச் செய்ய வைக்க, உயர்நீதிமன்றம் ஓர் ஆணை பிறப்பிக்கலாம். முன்பு இதை மாண்டமஸ் என்றார்கள். தமிழில் செயலுறுத்தும் ஆணை எனலாம்.

இந்த ஆணைக்குள்ள எல்லையைத்தான் பலரும் அறிவதில்லை. "முடிவு செய்" என்று நீதிமன்றம் சொல்லும்; "உரிமம் கொடு" என்று பொதுவாகச் சொல்லாது. தமிழ்நாட்டில் கும்பகோணத்துப் பேருந்து வழக்கு ஒன்று இதற்கு நல்ல சான்று. வீரப்ப பிள்ளைக்கும் ராமன் அண்டு ராமன் நிறுவனத்துக்கும் ஐந்து பேருந்துகளின் உரிமங்களைப் பற்றிப் பல ஆண்டுகள் தகராறு. நிறுவனத்துக்கே உரிமம் தர வேண்டும் எனச் சென்னை உயர்நீதிமன்றம் ஆணையிட்டது. 1952இல் இந்திய உச்சநீதிமன்றம் அதை ரத்து செய்தது. உரிமம் யாருக்கு என்று தீர்மானிக்கும் பொறுப்பைச் சட்டம் போக்குவரத்து அதிகாரிகளிடம் ஒப்படைத்திருக்கிறது. உயர்நீதிமன்றம் தன்னையே மேல்முறையீட்டு மன்றமாக ஆக்கிக்கொள்ள முடியாது என்றது தீர்ப்பு. அது தாமத வழக்கு அல்லதான். ஆனாலும் தாமத வழக்குக்கும் வரம்பு அதுவே.

1975இல் இங்கிலாந்தில் நடந்தது சற்று வேறு. பம்பாயிலிருந்து லண்டன் வந்த ஒரு மனைவி, குடியிருக்கும் உரிமைக்கான சான்றிதழ் கேட்டார். திரும்பிப் போய்ப் பம்பாயில் வரிசையில் நில்லுங்கள் என்றது உள்துறை. அந்த வரிசையோ ஓராண்டுக்கும் மேல் நீண்டது. அவருடையது சலுகை அல்ல, உரிமை. அதை இழுத்தடிக்கக் கூடாது என்று சொல்லி, விண்ணப்பத்தை விசாரித்து முடிவு செய்ய மேல்முறையீட்டு நீதிமன்றம் உத்தரவிட்டது. பேருந்து உரிமம் கேட்பவருக்கு இத்தனை வலுவான உரிமை இல்லை. ஆனால் தம் விண்ணப்பத்துக்கு ஒரு முடிவு பெறும் உரிமை அவருக்கும் உண்டு.

சிங்கப்பூரில் 2022 ஏப்ரல் 1 முதல் நடப்புக்கு வந்த நீதிமன்ற விதிகளின்படி, இந்த ஆணையைக் கோர முதலில் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். செய்யத் தவறிய நாளிலிருந்து 3 மாதங்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். மௌனத்துக்குத் தேதி ஏது என்று கேட்பீர்கள். கடிதம் அங்கேதான் உதவுகிறது. கேட்ட ஆவணங்கள் அனைத்தும் கொடுத்தாயிற்று, இன்ன நாளுக்குள் முடிவு சொல்லுங்கள் என்று நிலப் போக்குவரத்து ஆணையத்துக்கு எழுதி, நகலைப் பத்திரப்படுத்துங்கள். கோரியும் செய்யவில்லை என்று காட்ட அது சான்றாகும். வாய்மொழியாகக் கேட்டது கணக்கில் வருவது கடினம்.

வழக்கறிஞர் கட்டணம் சிறிதல்ல. தோற்றால் எதிர்த்தரப்பின் செலவும் தலையில் விழலாம். சட்டம் வேறு முறையீட்டு வழி தந்திருந்தால், அதை ஏன் நாடவில்லை என்று நீதிபதி கேட்பார். ஆகவே முதலில் அந்தக் கடிதம். பிறகு தொகுதி நாடாளுமன்ற உறுப்பினரின் மக்கள் சந்திப்பு. அதற்குக் கட்டணம் இல்லை. ஆனால் அங்கே போய்வரும் வாரங்களுக்காக 3 மாதக் கெடு நின்று காத்திருக்காது. நாட்காட்டியில் அந்த நாளைக் குறித்து வைத்துக்கொண்டே போங்கள்.