அரசி அளித்த வெள்ளித் திருமேனி



சித்தூரிலிருந்து திருப்பதிக்குச் செல்லும் சாலை சந்திரகிரியைக் கடந்து, ஏறத்தாழ 70 கிலோமீட்டரில் ஏழுமலையின் அடிவாரத்தை அடைகின்றது. 1911இல் அமைந்த சித்தூர் மாவட்டம் 1953இல் ஆந்திர மாநிலத்தைச் சேர்ந்தது; அதனின்றும் பிரிந்து திருப்பதி 2022இல் தனி மாவட்டமாயிற்று. எல்லைகள் இவ்வாறு மாறியபோதிலும், டில்லியிலும் மும்பையிலும் கொல்கத்தாவிலும் வாழும் நம்மவர், ஊருக்கு வரும்போது இம்மலைக்கும் சென்று வருவதை விட்டாரில்லை. நெடுநேரம் காத்து நின்று, மூலவரைச் சில நொடிகளே கண்டு வெளிவருகின்றோம். அந்த நொடிகளில், அவர் திருவடி அருகே எழுந்தருளியுள்ள சிறிய வெள்ளித் திருமேனியை நம்மில் எத்தனை பேர் நோக்கியிருப்போம்?

ஏறத்தாழ ஒன்றரை அடி உயரமுள்ள அம்மூர்த்திக்குப் போக சீனிவாசர் என்பது பெயர். மூலவர் கல்லில் நிலைபெற்றவர். ஆதலின் அன்றாட வழிபாட்டிற் பலவற்றை அவர் பொருட்டு இம்மூர்த்தியே ஏற்கின்றார். காலையில் திருமஞ்சனம் காண்பவரும் இவரே. இரவில் ஏகாந்த சேவையின்போது தொட்டிலில் பள்ளிகொள்பவரும் இவரே. மார்கழித் திங்களில் மட்டும் அப்பள்ளியைக் கண்ணபிரான் திருவுருவம் பெறும். சகஸ்ர கலசாபிஷேகம் நிகழும்போது மூலவருக்கும் இவருக்கும் இடையே ஒரு நூலைப் பிணைத்து, இருவரும் ஒருவரே என்பதை உணர்த்துவர்.

இத்திருமேனியை அளித்தவர் ஓர் அரசி. சாமவை என்பது அவர் பெயர். காடவன் பெருந்தேவி என்றும் வழங்கப்பெற்றார். பல்லவ குலத்தைச் சேர்ந்தவர். இக்கொடையைக் கோயிலின் முதற் பிராகாரச் சுவரில் உள்ள தமிழ்ச் சாசனம் கூறுகின்றது. அதில் இம்மூர்த்தியின் பெயர் மணவாளப் பெருமாள். கொடையின் காலம் கி.பி. 614 என்பாரும் உளர். 966ஐ ஒட்டியது என்பது ஆராய்ச்சியாளர் பலரின் துணிபு. பிந்தியதையே கொண்டாலும் ஆயிரம் ஆண்டுகள் கடந்துவிட்டன.

அரசி திருவுருவத்தை மட்டும் கொடுத்து அமைந்தாரல்லர். மணிகள் பதித்த திருமுடி முதலாகத் திருவடி அணிகள் ஈறாக அணிகலன்களை வழங்கினார். பின்னர், நாள்தோறும் அமுதுபடிக்கும், அணையாது எரியும் நந்தாவிளக்கிற்கும், அயன விஷு நாட்களின் திருமஞ்சனத்திற்கும், புரட்டாசித் திருவிழாவிற்கும் ஆகும் செலவிற்கென்று நிலம் விட்டார். அந்நிலத்திற்காகத் திருச்சானூர்ச் சபையாருடன் முறைப்படி ஏற்பாடு செய்தார். பொருளைக் கொடுப்பது எளிது. கொடுத்த பொருள் நாளும் பயன்படுவதற்கு வழி செய்வதே அரிது. அவ்வரிய செயலை அவர் செய்தமையால்தான் அவருடைய கொடை இன்றும் வழிபாட்டில் நிற்கின்றது.

இன்னொன்றும் நாம் அறியத்தக்கது. 13ஆம் நூற்றாண்டில், யாதவராயர் காலத்தில், திருமலைக் கோயில் புதுப்பிக்கப்பட்டது. பழைய சுவர்கள் நீங்கினால் அவற்றிலுள்ள எழுத்துகளும் நீங்கும் அல்லவா? ஆகவே பழைய சாசனங்களைப் புதிய சுவரில் மீண்டும் வெட்டுவித்தனர். பெயர் தெரியாத ஒரு கல்தச்சர் பொறுமையுடன் உளியைப் பிடித்திராவிடில், சாமவை என்னும் பெயரே நமக்குக் கிட்டியிராது. பின்னர், 1931இல் தேவஸ்தானம் தன் கல்வெட்டுத் தொகுதியின் முதற் பகுதியை வெளியிட்டபோது, அச்சாசனம் அச்சிலும் ஏறியது. திருமலை திருப்பதிக் கோயில்களில் ஆயிரத்திற்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. அவற்றுள் மிகப் பெரும்பான்மை தமிழில் அமைந்தவை.

இதைச் சொல்லி ஊருக்கு உரிமை கோருவது நம் நோக்கமன்று. தெலுங்கரும் தமிழரும் கன்னடரும் ஒன்றாய் வணங்கும் மலை அது. நம் கவலை வேறு. அயல் மாநிலத்தில் வளரும் நம் பிள்ளைகள் பலர் வீட்டில் தமிழ் பேசுவர்; தமிழ் எழுத்தைப் படிக்க அறியார். அவர்கள் அச்சுவரை ஒட்டி நடக்கும்போது, அது அவர்களுக்கு வெறுங்கல்லாகவே தோன்றும்.

நீராட்டினால் உலோகத் திருமேனிகள் தேயும் என்று கருதி, வாரந்தோறும் நிகழ்ந்துவந்த சகஸ்ர கலசாபிஷேகத்தை, 2020க்குப் பிந்தைய ஆண்டுகளில் ஆண்டிற்கு ஒருமுறை என்று தேவஸ்தானத்தார் குறைத்தனர். வெள்ளி பயன்படுத்தப் பயன்படுத்தத் தேய்கின்றது. எழுத்தோ பயன்படுத்தாமையால் தேய்கின்றது. முன்னதற்கு வேண்டிய காவலைக் கோயிலார் செய்கின்றனர். பின்னதற்கு வேண்டிய காவல் நம் வீடுகளில் தொடங்க வேண்டும்.

நாள்தோறும் மாலையில் அரைமணி நேரம் பிள்ளைகளை அமர்த்தி எழுத்துக் கற்பிப்போமாக. அடுத்த முறை மலை ஏறும்போது, வலம் வரும் வழியில் வடபுறச் சுவரைக் காட்டி, "இங்கே ஓர் அரசியின் பெயர் இருக்கிறது" என்று சொல்வோமாக. பழைய எழுத்து உடனே விளங்காவிடினும், 1931ஆம் ஆண்டு நூலில் அதே வாசகத்தை அவர்கள் தாமே படித்துக்கொள்வர்.